தாமதமான பதவி உயர்வு: இழப்பு யாரைச் சேர்ந்தது?

பதவி உயர்வுக்கு எல்லாத் தகுதியும் பெற்ற ஓர் அரசு ஊழியர் இருக்கிறார். மேல்நிலையில் காலிப் பணியிடமும் இருக்கிறது. ஆனாலும் உயர்வு உரிய காலத்தில் வரவில்லை. மூன்றாண்டோ ஐந்தாண்டோ கழித்து வருகிறது. சிலருக்கு ஓய்வு பெற்ற பிறகுதான் கோப்பு நகர்கிறது. இடைப்பட்ட காலத்தின் சம்பளம், பணிமூப்பு, அதற்கடுத்த உயர்வுக்கான வாய்ப்பு, ஓய்வூதியம் ஆகியவற்றில் ஏற்பட்ட இழப்பை யார் ஏற்க வேண்டும்? ஊழியரா, துறையா?

இந்திய நீதிமன்றங்கள் இந்தக் கேள்விக்கு அறுபது ஆண்டுகளுக்கும் மேலாக விடை சொல்லிவருகின்றன. அந்த விடைகள் ஒன்றோடொன்று இசைந்துபோகவில்லை. ஒரே கேள்வி பணிமூப்பு வழக்காகவும், ஒழுங்கு நடவடிக்கை வழக்காகவும், சம்பள நிலுவை வழக்காகவும், இடஒதுக்கீட்டு வழக்காகவும் வெவ்வேறு வாசல்களில் நுழைந்ததே இதற்கு முக்கியக் காரணம் எனத் தோன்றுகிறது. அந்த விடைகள் எங்கிருந்து வந்தன, எந்த இடத்தில் வலுவிழக்கின்றன என்பதை இக்கட்டுரை ஆராய்கிறது.

தாமதம் பிறக்கும் இடங்கள்

தமிழ்நாட்டு அரசுத் துறைகளில் பதவி உயர்வுக்கு ஆண்டுதோறும் ‘தேர்ந்தோர் பட்டியல்’ போடப்படுகிறது. ஊழியர்களின் பேச்சில் அது ‘பேனல்’. ஒவ்வொரு பதவிக்கும் ஒரு குறிப்பிட்ட நாள் நிர்ணயிக்கப்பட்டிருக்கும். ஆசிரியர்களுக்கு அது ஜனவரி 1. அந்த நாளில் யாருக்குத் தகுதி இருக்கிறது என்பதே அடிப்படை. அதற்கு முன் காலியிட மதிப்பீடு முடிய வேண்டும். பணிமூப்புப் பட்டியல் வெளியிடப்பட்டு, ஆட்சேபங்கள் கேட்கப்பட்டு, இறுதியாக்கப்பட வேண்டும். மந்தண அறிக்கைகள் வந்து சேர வேண்டும். யார் மீதாவது ஒழுங்கு நடவடிக்கை விதிகளின் 17(ஆ) பிரிவின்கீழ்க் குற்றக் குறிப்பாணை நிலுவையில் இருக்கிறதா, தண்டனைக் காலம் ஓடிக்கொண்டிருக்கிறதா என்று பார்க்க வேண்டும்.

இவற்றில் எந்தப் படியிலும் கோப்பு நின்றுபோகலாம். ஒரு மாவட்டத்திலிருந்து ஒருவருடைய பணி விவரம் வராததால் மாநிலப் பட்டியல் முழுவதும் நிற்பது அரிதல்ல. பணிமூப்புப் பட்டியலை எதிர்த்து ஒருவர் தடையாணை பெற்றால் நூற்றுக்கணக்கானோரின் உயர்வு நின்றுபோகும். அதற்குள் காலியிடங்களுக்குக் ‘கூடுதல் பொறுப்பு’ வழங்கப்படுகிறது. மேல்பதவியின் வேலையை ஒருவர் செய்கிறார். பதவியும் அதற்குரிய ஊதியமும் அவருக்கு வருவதில்லை.

கொள்கை முடிவுகளாலும் தாமதம் உண்டாகும். தமிழ்நாடு அரசு ஓய்வு வயதை 2020-ல் 58-லிருந்து 59 ஆகவும், 2021-ல் 60 ஆகவும் உயர்த்தியது. வயது மூப்பில் ஓய்வு பெற்றுக் காலியாகியிருக்க வேண்டிய இடங்கள் அந்த அளவுக்குக் காலியாகவில்லை. கீழ்நிலையில் காத்திருந்தவர்களின் காத்திருப்பு நீண்டது. இந்த வகைத் தாமதத்தைச் சட்டப்படி கேள்வி கேட்பது கடினம். காலியிடமே தோன்றாதபோது இழந்ததாகச் சொல்ல எதுவும் இல்லை. வழக்குகள் பெரும்பாலும் காலியிடம் இருந்தும் நிரப்பப்படாத நிலையைப் பற்றியவையே.

பதவி உயர்வு உரிமையா, பரிசீலனை மட்டுமே உரிமையா?

மிகப் பழைய விடை அரசின் விருப்பம் என்ற கோட்பாட்டிலிருந்து வருகிறது. அரசு ஊழியர் ஆட்சியாளரின் விருப்பம் உள்ளவரை பதவியில் இருப்பவர் என்பது ஆங்கிலேய ஆட்சியின் கொள்கை. அரசியலமைப்பின் 310-ஆம் பிரிவு அதன் தொடர்ச்சி. வேலையிலேயே நீடிக்க முழு உரிமை இல்லாதவருக்கு மேல்பதவியில் என்ன உரிமை என்பது அந்தப் பார்வை. அதே காலனிய நிர்வாகத்தில் இதற்கு எதிரான ஒரு மரபும் இருந்தது. 1793-ஆம் ஆண்டின் சாசனச் சட்டம் கிழக்கிந்தியக் கம்பெனியின் பணிகளில் பணிமூப்புப்படி உயர்வு என்ற நெறியை வலுப்படுத்தியது. வேண்டியவர்களுக்குப் பதவி போவதைத் தடுப்பதே நோக்கம். இன்றைய வழக்குகளில் இந்த இரண்டு மரபுகளும் இன்னும் மோதிக்கொண்டிருக்கின்றன.

சுதந்திரத்துக்குப் பின் 16-ஆம் பிரிவின் சமவாய்ப்பு உரிமை இந்தச் சமநிலையை மாற்றியது. அந்த உரிமை வேலைக்குச் சேரும்போது மட்டுமல்ல, பதவி உயர்விலும் உண்டா என்ற கேள்வி சென்னையிலிருந்தே உச்ச நீதிமன்றத்துக்குப் போனது. தெற்கு ரயில்வே தொடர்பான ரங்காச்சாரி வழக்கு அது. 1961-ல் ஐந்து நீதிபதிகள் அமர்வு மூன்றுக்கு இரண்டு என்ற பெரும்பான்மையில், பதவி உயர்விலும் இடஒதுக்கீடு செல்லும் என்றது. 16-ஆம் பிரிவின் சமவாய்ப்பு பதவி உயர்வையும் உள்ளடக்கும் என்ற அடிப்படையில்தான் அந்த முடிவு அமைந்தது.

1968-ல் மைசூர் அரசுக்கு எதிரான சையத் மஹ்மூத் வழக்கில் உச்ச நீதிமன்றம் ஓர் எல்லையை வகுத்தது. தகுதியானவரைப் பரிசீலிக்காமல் விட்டது தவறு. ஆனால் நீதிமன்றம் தானே பதவி உயர்வு வழங்காது, பரிசீலிக்கும்படி மட்டுமே ஆணையிடும். 1999-ல் இரண்டாம் அஜித் சிங் வழக்கில் ஐந்து நீதிபதிகள் அமர்வு இன்னும் தெளிவாகச் சொன்னது: பதவி உயர்வுக்குப் பரிசீலிக்கப்படுவது அடிப்படை உரிமை. பதவி உயர்வு அப்படியல்ல.

இந்தப் பிரிவினை நியாயமானதே. யாரை உயர்த்துவது என்ற மதிப்பீட்டை நீதிமன்றம் கையிலெடுத்தால் நிர்வாகம் நடக்காது. அதன் குறை வேறோர் இடத்தில் இருக்கிறது. பரிசீலனை எப்போது நடக்க வேண்டும் என்பதை அது சொல்வதில்லை. ஐந்தாண்டு கழித்துப் பரிசீலித்தாலும் பரிசீலித்ததாகவே ஆகிவிடும். காலவரம்பு இல்லாத பரிசீலனை உரிமை ஊழியரின் கையில் எவ்வளவு பயன்படும் என்பதே இதன் பின்னான வழக்குகளின் சாரம்.

காலியிடம் தோன்றிய நாளா, ஆணை பிறந்த நாளா?

இந்தக் கேள்விக்கு ஊழியர் பக்கம் சாய்ந்த விடை 1983-ல் வந்தது. ஆந்திராவின் பதிவுத்துறையில் இரண்டாம் நிலை சார்பதிவாளர் பதவிக்கு 1976-ல் போட்டிருக்க வேண்டிய பட்டியலைத் துறை போடவில்லை. 1977 மார்ச்சில் விதிகள் திருத்தப்பட்டன. அதன் பிறகு புதிய விதிப்படி பட்டியல் போடப்பட்டது. ஒய்.வி. ரங்கையா வழக்கு என அறியப்படும் இதில், பழைய விதி நடப்பில் இருந்தபோது தோன்றிய காலியிடங்களைப் பழைய விதிப்படியே நிரப்ப வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. துறை உரிய நேரத்தில் பட்டியல் போட்டிருந்தால் வழக்காடியவர்களின் வாய்ப்பு பறிபோயிருக்காது. துறையின் தாமதம் அவர்களுக்குக் கேடாகக் கூடாது என்பதே அதன் உட்கருத்து. ஏறத்தாழ நாற்பது ஆண்டுகள் சேவை வழக்குகளில் அதிகம் எடுத்துக்காட்டப்பட்ட தீர்ப்புகளில் இதுவும் ஒன்று.

ஆனால் அதற்குள்ளேயே எதிர் ஓட்டம் தொடங்கிவிட்டது. 1989-ல் கே.கே. வதேரா வழக்கில், பதவி உயர்வு அது வழங்கப்பட்ட நாளிலிருந்தே நடப்புக்கு வரும், பணியிடம் தோன்றிய நாளிலிருந்து அல்ல என்று உச்ச நீதிமன்றம் கூறியது. ரங்கையாவையும் வதேராவையும் பல ஆண்டுகள் வழக்கறிஞர்கள் எதிரெதிர்ப் பக்கத்திலிருந்து பயன்படுத்தினார்கள். ஒரே உயர் நீதிமன்றத்தின் இரண்டு அமர்வுகள் ஒரே மாதிரியான வழக்கில் இரண்டு முடிவுகளுக்கு வர அது வழிவிட்டது.

2022 மே மாதம் இமாச்சலப் பிரதேசத்தின் ராஜ்குமார் வழக்கில் மூன்று நீதிபதிகள் அமர்வு இந்த இரட்டை நிலையை முடித்துவைத்தது. காலியிடம் தோன்றிய நாளின் விதியே எப்போதும் பொருந்தும் என்ற பொது நெறி கிடையாது. பரிசீலனை நடக்கும் நாளில் எந்த விதி நடப்பில் இருக்கிறதோ அதன்படி பரிசீலிக்கப்படுவதே ஊழியரின் உரிமை. ரங்கையா தீர்ப்பு சரியான சட்டமல்ல. அரசு தன் நிர்வாக அமைப்பை மாற்றிக்கொள்ளும் உரிமையை ஒரு பழைய காலியிடம் கட்டிப்போடக் கூடாது என்ற வாதத்துக்கு வலு உண்டு. இருந்தாலும் ரங்கையாவின் வழியாகக் கிடைத்த மிக முக்கியமான பாதுகாப்பு இதோடு போய்விட்டது. பட்டியலைத் தாமதப்படுத்தி, இடையில் விதியை மாற்றினால் பழைய விதியைக் காட்டி இனி வாதாட முடியாது. அந்தத் தாமதம் தன்னிச்சையானது, உள்நோக்கம் கொண்டது என்று ஊழியரே நிரூபிக்க வேண்டும். அலுவலகத்துக்குள் நடந்ததை வெளியிலிருந்து நிரூபிப்பது எளிதல்ல.

தகுதிச் சட்டம் நடுவழியில் மாறுவதன் விளைவைத் தமிழ்நாட்டு ஆசிரியர்கள் அறிவார்கள். பதவி உயர்வுக்கும் ஆசிரியர் தகுதித் தேர்வு கட்டாயம் என்று சென்னை உயர் நீதிமன்றம் 2023 ஜூனில் தீர்ப்பளித்தது. 2025 செப்டம்பர் 1 அன்று உச்ச நீதிமன்றம் அதே நிலையை எடுத்தது. ஓய்வு பெற ஐந்தாண்டுக்குள் இருப்பவர்கள் தேர்வு எழுதாமல் பணியில் தொடரலாம்; ஆனால் பதவி உயர்வு வேண்டுமானால் அவர்களும் தேர்ச்சி பெற வேண்டும். இருபது, இருபத்தைந்து ஆண்டு பணியாற்றி உயர்வின் வாசலில் நின்றவர்களுக்கு இதன் பொருள் என்ன என்பதை விளக்கத் தேவையில்லை. குழந்தைகளுக்குத் தகுதியான ஆசிரியர் வேண்டும் என்ற தீர்ப்பின் நோக்கத்தையும் மறுக்க முடியாது.

இதற்கு இணையாக, அதிகம் பேசப்படாத ஒரு தீர்ப்பு வரிசையும் உண்டு. என்.ஆர். பானர்ஜி வழக்கில், துறைப் பதவி உயர்வுக் குழு ஆண்டுதோறும் கூடி, காலியிடத்தை முன்கூட்டியே கணித்துப் பட்டியல் தயாரிக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் வலியுறுத்தியது. கேரளத்தின் பிரேமச்சந்திரன் வழக்கில், குழு உரிய நேரத்தில் கூடாததற்கு ஊழியர்கள் பொறுப்பல்ல என்று கூறி, முன்தேதியிட்ட உயர்வை ஏற்றுக்கொண்டது. 2010-ன் ஹேம்ராஜ் சிங் சௌகான் வழக்கு இன்னும் தெளிவானது. உத்தரப் பிரதேசத்தில் ஐஏஎஸ் பணியிடங்களின் மறு ஆய்வு ஐந்தாண்டுக்கு ஒருமுறை நடக்க வேண்டும். 1998-க்குப் பின் 2003-ல் நடந்திருக்க வேண்டியது 2005-ல்தான் நடந்தது. அதற்குள் மாநிலப் பணி அதிகாரிகள் இருவர் ஐஏஎஸ் உயர்வுக்கான 54 வயது வரம்பைத் தாண்டிவிட்டார்கள். மறு ஆய்வு 2003-லேயே நடந்ததாகக் கொண்டு அவர்களைப் பரிசீலிக்க உச்ச நீதிமன்றம் வழிசெய்தது. பரிசீலனை உரிமை என்றால் நியாயமான காலத்தில் பரிசீலனை என்றும் பொருள் என்பதை இந்தத் தீர்ப்பு ஏறக்குறைய ஒப்புக்கொள்கிறது. என் பார்வையில் இந்த முழு விவாதத்திலும் மிகச் சரியான திசையில் போன தீர்ப்பு இதுவே. அது பொது நெறியாக வளரவில்லை.

குற்றக் குறிப்பாணை நிலுவையில் இருக்கும்போது

தாமத வழக்குகளில் மிக நன்றாக வளர்ந்த பகுதி ஒழுங்கு நடவடிக்கை பற்றியது. மத்திய அரசில் குற்றச்சாட்டுக்கு உள்ளானவரின் பெயரையும் குழு பரிசீலிக்கும். முடிவை முத்திரையிட்ட உறையில் வைத்துவிடும். விசாரணை முடிந்ததும் உறை பிரிக்கப்படும். தமிழ்நாட்டில் 17(ஆ) நிலுவையில் இருந்தால் பெயர் பட்டியலில் தள்ளிவைக்கப்படுகிறது.

உறையை எப்போது பயன்படுத்தலாம் என்பதை 1991-ல் ஜானகிராமன் வழக்கு வரையறுத்தது. பூர்வாங்க விசாரணை நடக்கிறது, புகார் வந்திருக்கிறது என்பன போதாது. குற்றக் குறிப்பாணை வழங்கப்பட்டிருக்க வேண்டும். குற்றவியல் வழக்கானால் குற்றப்பத்திரிகை தாக்கலாகியிருக்க வேண்டும். அதைவிட முக்கியமானது இரண்டாவது பகுதி. ஊழியர் முழுமையாகக் குற்றமற்றவர் எனத் தீர்ந்தால், முன்பே கிடைத்திருக்க வேண்டிய நாளிலிருந்து உயர்வும் ஊதியமும் தர வேண்டும். ‘வேலை இல்லையேல் ஊதியம் இல்லை’ என்ற விதி இங்கே பொருந்தாது. அவர் வேலை செய்யத் தயாராகவே இருந்தார், துறைதான் அவரை விலக்கி வைத்தது. சந்தேகத்தின் பலனால் விடுபட்டவர்களுக்கும், விசாரணையைத் தானே இழுத்தடித்தவர்களுக்கும் நிலுவைத் தொகையை முழுதாகத் தருவதா குறைப்பதா என்பதைத் துறை முடிவு செய்யலாம்.

இந்தத் தீர்ப்பு சொன்ன காரணம் ஒழுங்கு நடவடிக்கைக்கு மட்டும் உரியதல்ல. வேலை செய்யத் தயாராக இருந்தும் துறையால் விலக்கப்பட்டவர் என்ற விவரிப்பு, பட்டியல் போடாததால் காத்திருந்தவருக்கும் சொல்லுக்குச் சொல் பொருந்துகிறது. ஆனால் பிந்தைய வழக்குகள் அப்படிப் பொருத்திப் பார்க்கத் தயங்கின. குற்றம் சாட்டப்பட்டு விடுபட்டவருக்குச் சம்பள நிலுவை கிடைக்கலாம். எந்தக் குற்றச்சாட்டும் இல்லாமல் கோப்பு தூங்கியதால் தாமதமானவருக்குக் கிடைக்காமல் போகலாம். இந்த முரணுக்குத் திருப்தியான விளக்கம் எந்தத் தீர்ப்பிலும் இருப்பதாகத் தெரியவில்லை.

இந்தப் பகுதிக்கும் ஓட்டைகள் உண்டு. தண்டனைக் காலம் ஓடிக்கொண்டிருக்கும்போது பதவி உயர்வை மறுப்பது இரட்டைத் தண்டனை ஆகாது என்று 1995-ல் தமிழ்நாட்டின் முருகேசன் வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறியது. கொள்கையளவில் அது சரி. நடப்பில், பட்டியல் நெருங்கும் நேரத்தில் பழைய விவகாரம் ஒன்றைத் தோண்டி எடுத்து 17(ஆ) வழங்கப்படுகிறது என்ற புகார் ஊழியர் சங்கங்களிடம் நெடுநாளாக இருக்கிறது. தமிழ்நாடு வீட்டுவசதி வாரியத்தின் பொறியாளர் மகாதேவன் வழக்கு இதன் சட்டப் பக்கத்தைக் காட்டுகிறது. 1990-ல் நடந்ததாகச் சொல்லப்பட்ட செயலுக்கு 2000-ல் குற்றக் குறிப்பாணை தரப்பட்டது. பத்தாண்டுத் தாமதத்துக்கு ஏற்கத்தக்க விளக்கம் இல்லை என்று 2005-ல் உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது. துறை விசாரணையை ஆறு மாதத்தில், மிஞ்சினால் ஓராண்டில் முடிக்க முயல வேண்டும் என்று 2015-ல் பிரேம்நாத் பாலி வழக்கில் அறிவுறுத்தியது. முடிக்காவிட்டால் என்ன ஆகும் என்பதை அந்த அறிவுரை சொல்லவில்லை.

செய்யாத வேலைக்குச் சம்பளமா?

முன்தேதியிட்டு உயர்வு தரப்பட்டாலும் அந்தக் காலத்துக்குப் பணம் உண்டா என்பது தனிக் கேள்வி. அரசு வழக்கமாகத் தர முன்வருவது ‘நோஷனல்’ உயர்வு: பணிமூப்பும் ஊதிய நிர்ணயமும் பழைய நாளிலிருந்து, கையில் வரும் பணம் பொறுப்பேற்ற நாளிலிருந்து. 1996-ல் அரியானாவின் ஓ.பி. குப்தா வழக்கில் உச்ச நீதிமன்றம் இதை ஏற்றது. மேல்பதவியின் பொறுப்பைச் சுமக்காதவர் அதன் ஊதியத்தைக் கேட்க முடியாது என்பது காரணம். பொதுப் பணம் பற்றிய கவலையும் அதில் இருக்கிறது. ஒரே பணிமூப்புப் பட்டியல் திருத்தப்பட்டால் நூற்றுக்கணக்கானோருக்குப் பல ஆண்டு நிலுவை தர வேண்டி வரலாம்.

2007-ல் கேரளத்தின் பாஸ்கரன் பிள்ளை வழக்கில் நீதிமன்றம் இதற்குப் பொதுவிதி கிடையாது, ஒவ்வொரு வழக்கின் சூழலையும் பார்க்க வேண்டும் என்றது. தவறாக மறுக்கப்பட்ட உயர்வுக்கு ஊதியமும் உண்டு என்ற திசையில் 2015-ல் ரமேஷ் குமார் வழக்கு போனது. சூழலைப் பார்ப்பது நல்ல நெறிதான். அதற்கான செலவை ஊழியரே ஏற்கிறார். தன் சூழல் எந்த வகையில் சேரும் என்பதை அறிய ஒவ்வொருவரும் தனித்தனியே நீதிமன்றம் ஏற வேண்டியிருக்கிறது.

ஓய்வு நாள் என்ற சுவர்

எல்லா வாதங்களும் கடைசியில் மோதி நிற்பது ஓய்வு நாளில். 2024 நவம்பரில் உச்ச நீதிமன்றம் தீர்த்த மேற்கு வங்கத்தின் அமல் சத்பதி வழக்கின் தேதிகளை நிதானமாகப் பார்ப்பது நல்லது. முதன்மை அறிவியல் அலுவலராக இருந்தவரைத் தலைமை அறிவியல் அலுவலராக உயர்த்தப் பணியாளர் தேர்வாணையம் 2016 டிசம்பர் 29 அன்று பரிந்துரைத்தது. அவர் டிசம்பர் 31 அன்று ஓய்வு பெற்றார். இறுதி ஒப்புதல் துறைக்கு வந்து சேர்ந்தது 2017 ஜனவரி 4. பரிந்துரைக்கும் ஓய்வுக்கும் இடையில் இரண்டு நாள். ஓய்வுக்கும் ஒப்புதலுக்கும் இடையில் நான்கு நாள்.

மாநில நிர்வாகத் தீர்ப்பாயம் அவருக்கு நோஷனல் பயன் தரச் சொன்னது. உயர் நீதிமன்றம் அதை உறுதி செய்தது. உச்ச நீதிமன்றம் இரண்டையும் ரத்து செய்தது. மாநில விதிப்படி மேல்பதவியில் பொறுப்பேற்றால்தான் அதன் பயன் உண்டு. ஓய்வு பெற்றவர் பொறுப்பேற்க முடியாது. எனவே நோஷனலாகவும் தர இயலாது. சில மாதங்களுக்கு முன் பீகார் மின்வாரியத்தின் தரம்தேவ் தாஸ் வழக்கிலும், காலியிடம் தோன்றிய நாளிலிருந்து உயர்வு கேட்க உரிமை இல்லை என்று வேறோர் அமர்வு கூறியிருந்தது.

விதியின் வாசகப்படி அமல் சத்பதி தீர்ப்பில் தவறு காண்பது கடினம். ஆனால் இழப்பு அங்கே முடிவதில்லை. பழைய ஓய்வூதியத் திட்டத்தில் இருப்பவருக்குக் கடைசி ஊதியமே ஓய்வூதியத்தின் அடிப்படை. அந்த வேறுபாடு ஆயுள் முழுவதும், பின்னர் குடும்ப ஓய்வூதியத்திலும் தொடரும். பணியில் இருக்கும் ஒருவருக்குத் தாமதத்தை எதிர்த்துக் காத்திருக்க நேரம் இருக்கிறது. கடைசி ஆண்டில் இருப்பவருக்கு இல்லை. இருவரையும் ஒரே விதியால் அளப்பது சமமாகத் தெரிந்தாலும் விளைவில் சமமாக இல்லை.

இடஒதுக்கீடும் இனச்சுழற்சியும்

நாடு முழுவதும் பதவி உயர்வுகளை ஒரேயடியாக நிறுத்திவைத்த வழக்குகள் இடஒதுக்கீடு பற்றியவை. 1992-ல் இந்திரா சாஹ்னி தீர்ப்பு பதவி உயர்வில் இடஒதுக்கீடு கூடாது என்றது. 1995-ல் 77-ஆம் திருத்தம் பட்டியல் சாதியினருக்கும் பழங்குடியினருக்கும் அதை மீட்டது. 2001-ல் 85-ஆம் திருத்தம் அதோடு சேர்ந்த பணிமூப்பையும் தந்தது. 2006-ல் நாகராஜ் தீர்ப்பு, புள்ளிவிவரம் திரட்டிக் காட்டினால்தான் செல்லும் என்றது. 2018, 2022 ஆண்டுகளின் ஜர்னைல் சிங் தீர்ப்புகள் அந்த நிபந்தனைகளைத் திருத்தின. ஒவ்வொரு திருப்பத்திலும் அரசுகள் உயர்வுகளை நிறுத்திக் காத்திருந்தன. மத்தியத் தலைமைச் செயலகப் பணிகளில் அப்படித் தேங்கியிருந்த 8,000-க்கும் மேற்பட்டோருக்கு 2022 ஜூலைத் தொடக்கத்தில் மொத்தமாக உயர்வு தரப்பட்டது.

தமிழ்நாட்டுப் பிரச்சினை வேறு வகையானது. நேரடி நியமனத்தில் இடஒதுக்கீட்டுக்கான 200 புள்ளி இனச்சுழற்சி முறையில் தேர்வானவர்களின் பணிமூப்பை அந்தச் சுழற்சி வரிசைப்படியே வைப்பதா, தேர்வாணையத்தின் மதிப்பெண் தரவரிசைப்படி வைப்பதா என்பதே வழக்கு. சுழற்சி நியமனத்துக்கு மட்டுமே, பணிமூப்பு தரவரிசைப்படிதான் என்ற நிலையை நீதிமன்றங்கள் எடுத்தன. 2016-ஆம் ஆண்டு அரசுப் பணியாளர்கள் பணி நிபந்தனைகள் சட்டத்தின் 40-ஆம் பிரிவால் அரசு சுழற்சி முறையைக் காப்பாற்ற முயன்றது. சென்னை உயர் நீதிமன்றம் 2019 நவம்பரில் அந்தப் பிரிவைச் செல்லாது என்றது. தரவரிசை முறை வந்தால் ஒடுக்கப்பட்ட பிரிவினர் உயர்பதவிகளுக்கு வரும் வாய்ப்பு குறையும் என்ற அச்சம் அடிப்படையற்றதல்ல. கூடுதல் மதிப்பெண் பெற்றும் பட்டியலில் கீழே வைக்கப்பட்டவர்களின் குறையும் உண்மையானது. தீர்வு எந்தப் பக்கம் போனாலும், பல ஆண்டுப் பட்டியல்களை மீண்டும் போட வேண்டிய நிலையில் துறைகளின் புதிய உயர்வுகள் நின்றன. இருதரப்பும் இழந்த ஆண்டுகளுக்கு எந்தத் தீர்ப்பிலும் ஈடு இல்லை.

தாமதத்தைக் கேட்கத் தாமதித்தால்

துறையின் தாமதத்துக்குக் காலவரம்பு இல்லை. ஊழியரின் தாமதத்துக்கு உண்டு. தமிழ்நாட்டு நெடுஞ்சாலைத் துறையின் சதாசிவசுவாமி வழக்கில் 1974-ல் உச்ச நீதிமன்றம், இளையவர் தன்னைத் தாண்டிப் போனால் ஆறு மாதம், மிஞ்சினால் ஓராண்டுக்குள் நீதிமன்றம் வர வேண்டும் என்றது. அந்த ஊழியர் வந்தது பதினான்கு ஆண்டு கழித்து. கோரிக்கை மனு கொடுத்து, ‘பரிசீலிக்க’ ஆணை பெற்று, செத்த உரிமைக்கு உயிர் கொடுக்கும் வழக்கத்தை 2008-ல் ஜேக்கப் வழக்கு கண்டித்தது. இதுவும் தமிழ்நாட்டு வழக்கே. மாதாமாதம் தொடரும் ஊதியக் குறைபாட்டுக்குச் சலுகை காட்டிய அதே ஆண்டின் தர்சேம் சிங் தீர்ப்பும், பணிமூப்பிலும் உயர்விலும் அது பொருந்தாது என விலக்கியது. பிறருடைய நிலைபெற்ற உரிமை பாதிக்கப்படும் என்பதால்.

மூன்றாமவரின் நலனைக் காக்கும் இந்த எச்சரிக்கை தேவையானது. ஆனால் மேலதிகாரியின் கீழ் அன்றாடம் வேலை செய்பவர் உடனே வழக்குப் போடத் தயங்குவார் என்பதை அது கணக்கில் கொள்வதில்லை. விரைவான தீர்வுக்காக அமைக்கப்பட்ட தீர்ப்பாயங்களும் எதிர்பார்த்ததைத் தரவில்லை. 1988-ல் தொடங்கிய தமிழ்நாடு நிர்வாகத் தீர்ப்பாயம் 2006-ல் கலைக்கப்பட்டது. நிலுவை வழக்குகள் உயர் நீதிமன்றத்துக்கே திரும்பின.

இதற்கிடையே வழக்குக்கு வெளியே ஒரு விடையும் வளர்ந்தது. பதவி தர முடியாவிட்டால் ஊதியத்தையாவது உயர்த்துவது. தமிழ்நாட்டில் 10, 20 ஆண்டுகளில் தேர்வுநிலை, சிறப்புநிலை. மத்திய அரசில் 2008 முதல் 10, 20, 30 ஆண்டுகளில் ஊதிய முன்னேற்றம். தேக்கத்தின் வலியை இது குறைக்கிறது. அதிகாரத்தையும் மதிப்பையும் அடுத்த படிக்கான தகுதியையும் தருவதில்லை. காலியிடத்தை நிரப்பாமல் விடத் துறைக்குச் சாக்காகவும் ஆகிறது.

தீராதவை

பதவி உயர்வே உரிமை என்ற வாதம் இனி எழ வாய்ப்பில்லை, எழத் தேவையுமில்லை. காலியிட நாளிலிருந்து உயர்வு என்ற வாதமும் 2022, 2024 தீர்ப்புகளுக்குப் பின் ஏறக்குறைய மூடப்பட்டுவிட்டது. மூடப்படாதவை இரண்டு.

விதியே ஒரு தேதியைக் குறித்திருந்து, துறை காரணமில்லாமல் அதைத் தவறவிட்டால் விளைவு என்ன என்பது முதலாவது. சௌகான் வழக்கின் வழியில் போனால் அந்தத் தேதியில் பரிசீலனை நடந்ததாகக் கொள்ளலாம். ராஜ்குமார் வழக்கின் வழியில் போனால் முடியாது. இரண்டையும் நேருக்கு நேர் வைத்து ஒரு பெரிய அமர்வு தீர்க்கும்வரை உயர் நீதிமன்றங்களில் இருவகைத் தீர்ப்புகளும் வரும் எனக் கருத இடமுண்டு. இரண்டாவது, ஜானகிராமன் வழக்கின் காரணத்தை நிர்வாகத் தாமதத்துக்கு நீட்டலாமா என்பது. நீட்டினால் அரசுக்கு ஏற்படும் செலவு குறித்து நம்பகமான கணக்கு எதுவும் முன்வைக்கப்படாத நிலையில், செலவு தாங்காது என்ற வாதத்தை அப்படியே ஏற்பதற்கில்லை.

நீதிமன்றங்கள் விதியின் வாசகத்தைக் காட்டித்தான் கைவிரிக்கின்றன. வாசகத்தை மாற்றும் அதிகாரம் அரசிடமும் சட்டமன்றத்திடமும் இருக்கிறது. குறித்த நாளில் பட்டியல் வெளிவராவிட்டால், பின்னர் வரும் பட்டியலில் இடம்பெறுவோருக்கு அந்த நாளிலிருந்தே பணிமூப்பும் ஓய்வூதியத்துக்கான ஊதிய நிர்ணயமும் உண்டு என்று விதி சொல்லலாம். இடையில் ஓய்வு பெற்றவரும் இதில் அடங்குவார் என்று வெளிப்படையாக எழுதலாம். தாமதத்துக்கான காரணத்தை எழுத்தில் பதியும் கடமையை நியமன அலுவலருக்கு விதிக்கலாம். தமிழ்நாட்டில் இதற்கு 2016-ஆம் ஆண்டுச் சட்டத்தில் திருத்தம் தேவைப்படும். அந்தத் திருத்தத்தை அரசு கொண்டுவர வேண்டும். குறைந்தபட்சம் அடுத்த ஓராண்டில் ஓய்வு பெற இருப்பவர்களின் பெயர் உள்ள பட்டியல்களையாவது முதலில் முடிக்க வேண்டும்.